கண்மாய் இல்லாத ஊர்

ஓமானின் சோஹார் துறைமுகத்து சைட்டில் சாப்பாட்டு நேரம். ஷெட் நிழலில் கிடக்கும் இரும்புத் தகட்டில், போலந்துக்காரரான வெல்டிங் இன்ஸ்பெக்டர் மாரெக் சாக்பீஸால் தன் ஊரை வரைகிறார். வளைந்து ஓடும் ஆறு, கரையில் காடு, ஒற்றைத் தெரு, அதன் முனையில் ஒரு சர்ச். சோற்று டப்பாவோடு நிற்கும் ஃபிட்டர் சோலையப்பன், முதுகுளத்தூர்ப் பக்கத்து ஆள், தகட்டை ஒரு சுற்று சுற்றி வருகிறான்.

"கண்மாய் எங்க சார்?"

கையால் கரை கட்டி, நீர் தேக்கிக் காட்டுகிறான். மாரெக் ஆற்றைத் தொட்டு, சைட்டு அரபியில் இல்லை என்கிறார். "கண்மாய் மாஃபி. ரிவர்." பிறகு கையுறையால் தெரு முழுவதையும் ஒரே இழுப்பில் அழிக்கிறார். "வார். ஆல் ஹவுஸ் ஃபயர். கலாஸ்." போரில் எல்லாம் எரிந்து முடிந்துபோனதாம். சோலையப்பன் மெல்லுவதை நிறுத்துகிறான். அழித்த இடத்திலேயே சாக்பீஸ் திரும்ப ஓடுகிறது, அதே தெரு, வீடு வீடாக. "எவ்ரிபடி கம் பேக். சேம் பிளேஸ்." குனிந்திருந்தவர் நிமிர்ந்து நிற்கிறார். சோலையப்பன் கையைப் பேன்ட்டில் துடைத்து, சாக்பீஸை வாங்கி, ஊருக்கு மேற்கே பிறைபோல ஒரு கண்மாய்க்கரை போடுகிறான். "இருக்கட்டும் சார்." மாரெக் மறுக்கவில்லை. பெயின்ட் அடிக்குமுன் தகட்டைத் துடைக்க பெயின்டர் ராஜிக் பாய் துணியோடு வருகிறார். சோலையப்பனின் கை குறுக்கே விழுகிறது.

"பக்கத்துத் தகட்ட மொதல்ல தொடைங்க பாய். இதுல ஊரு இருக்கு."