சந்தனம் பூசிய ஏடு

கடற்கரைச் சாலைக் கருத்தரங்கின் மேடையில், குத்துவிளக்குக்குப் பக்கத்தில், பட்டுத்துணி விரித்து அந்தப் பனையோலை ஏட்டை வைத்திருக்கிறார்கள். கிரகணக் கணக்கு சொல்லும் பழைய ஏடு அது. அதை எழுத்தெழுத்தாகப் படித்துப் பதிப்பிக்கும் சத்யப்பிரியா கடைசி வரிசையில் உட்கார்ந்திருக்கிறாள். அவள் கட்டுரைக்கு நேரமில்லையாம். "உலகத்துக்கே விஞ்ஞானம் சொல்லிக் குடுத்தவங்க நம்ம முன்னோர்!" என்று முழங்கி முடித்த சிறப்பு விருந்தினர், கிண்ணத்துச் சந்தனத்தை விரலால் வழித்து ஓலையின் குறுக்கே இழுக்கிறார். நடுவில் குங்குமத்தை அப்புகிறார். விளக்கு வெளிச்சத்தில் சந்தனம் ஈரமாக மின்னி, கீறிய எழுத்துகளுக்குள் இறங்குகிறது. கைதட்டல் ஓய்வதற்குள் வரிசை கட்டிவிடுகிறார்கள். ஆளாளுக்கு ஓலையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, செல்போன் பக்கம் திரும்பி இளிக்கிறார்கள். வியர்வையும் பன்னீரும் கலந்த வாடைக்கு நடுவே சத்யப்பிரியா எழுந்து வருகிறாள். கூட்டத்தை இடித்துக்கொண்டு மேடையேறித் துப்பட்டா நுனியால் சந்தனத்தை ஒற்றி எடுக்கப் பார்க்கிறாள். அது இன்னும் அப்பிக்கொள்கிறது. அமைப்பாளர் புருஷோத்தமன் அவள் கையைத் தட்டிவிடுகிறார். "இன்னாம்மா பண்ற? சாமி மாதிரி வச்சிருக்கோம், தொடைக்கிற?" "சார், அதுல என்ன எழுதியிருக்குன்னு தெரியுமா?" "எதுவா இருந்தா இன்னா? முன்னோர் சொன்னது, அவ்ளோதான். கும்புட்டுட்டு எறங்கு." சந்தனத்துக்கு அடியில் போய்விட்ட அந்த வரி அவளுக்கு மனப்பாடம்: முன்னோர் சொன்னார்கள் என்று நம்பாதே; வெயிலில் கோல் நட்டு, நிழலை நீயே அளந்து பார்.