கழுவிய கத்தி

வேலம்மாவின் குழந்தை இன்றைக்குப் பால் குடிக்காது என்று நிச்சயமாகத் தெரிந்துதான் மருத்துவச்சி ரங்கம்மாள் விடிந்தும் விடியாமலும் படகேறிக் குப்பத்துக்கு வந்திருந்தாள்.

பிறந்து எட்டாம் நாள். பழவேற்காட்டுப் பக்கம் எந்த மருத்துவச்சியைக் கேட்டாலும் சொல்வாள். அதுவரை நன்றாகத்தான் குடித்துக்கொண்டிருக்கும். எட்டாம் நாள் தாடை கிட்டிப்போகும். முலையை வாயில் வைத்தாலும் கவ்வ முடியாமல் விறைத்துக் கிடக்கும். பொழுது சாய்வதற்குள் குழி தோண்டிவிடுவார்கள்.

வேலம்மாவுக்கு இதற்கு முன் பிறந்ததெல்லாம் அப்படித்தான் போயிற்று. அதற்கு ரங்கம்மாள் என்ன செய்வாள்? பிள்ளைத்தாய்ச்சி உச்சி வெயிலில் தலையை விரித்துப்போட்டுக்கொண்டு ஏரிக்கரையில் அலைந்தால் காத்துக் கருப்பு சும்மா விடுமா? இதையெல்லாம் சொன்னால் குப்பத்துப் பெண்களுக்கு ஏறுமா என்ன!

இந்தத் தடவை நடந்த கூத்தே வேறு.

ஒல்லாந்தர் கோட்டையில் துரைசானிக்கு நகம் எடுத்துவிடுவதும் ரங்கம்மாளின் வேலை. அந்த அம்மாளின் சுத்தத்தைக் கேட்கவே வேண்டாம். குளித்து எத்தனை மாதமோ, கிட்டே போனால் குடலைப் புரட்டும். ஆனால் நகம் எடுக்கும் கத்தி மட்டும் கொதிக்கிற தண்ணீரில் கிடக்க வேண்டும். பிறகு சாராயத்தில் முக்கி, வெள்ளைத் துணியில் துடைத்து, அப்புறம்தான் அவள் விரலைத் தொடலாம். ஊரார் காலைத் தொட்ட கத்தியாம், அருவருப்பாக இருக்கிறதாம்! குடிக்கிற சரக்கைக் கத்திக்கு ஊற்றுகிறாளே என்று ரங்கம்மாள் மனசுக்குள் காறித் துப்பிக்கொண்டே கழுவுவாள்.

கோட்டைச் சமையல்கட்டுக்கு மீன் கொண்டுவருகிற வேலம்மா, இதை எப்போது பார்த்துத் தொலைத்தாளோ.

பிரசவத்தன்று குழந்தை வெளியே வந்துவிட்டது. தொப்புள்கொடி அறுக்க வேண்டும். ரங்கம்மாள் இடுப்புச் சுருக்குப் பையிலிருந்து அதே நகக் கத்தியை எடுத்து, வழக்கம்போல முந்தானையில் ஒரு துடைப்புத் துடைத்தாள். கிழிந்த நாராய்க் கிடந்த வேலம்மா சட்டென்று அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"கோட்டையில அந்த வெள்ளக்காரி நகத்துக்குச் சுடுதண்ணி, சாராயம்னு கழுவுறியே ஆயா. என் புள்ள கொடிக்கு முந்தானையில தொடச்சாப் போதுமா? அவ நகத்துக்குக் குடுக்குற மருவாதி என் புள்ளைக்கு இல்லியா?"

அடேயப்பா! நகக்கண்ணில் மீன் செதிலோடு பெற்றுப் போட்டுக் கிடக்கிறவளுக்குத் துரைசானி மவுசு கேட்கிறது!

"கழுவுறேன்டி மகராசி, நல்லாக் கழுவுறேன். கழுவுனா மட்டும் இன்னா, எட்டாம் நாளு தாண்டிடுமா? அன்னிக்கு வந்து கேக்குறேன், இரு."

வேலம்மாவின் புருஷன் மாரி ஒளித்து வைத்திருந்த சாராயத்தை வாங்கிக் கத்தியின்மேல் முழுசாகக் கவிழ்த்தாள். கோட்டையில்கூடக் கத்தியை அவ்வளவு நேரம் வேகவைத்ததில்லை. போதுமா, இன்னும் கொதிக்கட்டுமா என்று நையாண்டி பண்ணிக்கொண்டேதான் கொடியை அறுத்தாள். வீட்டுக்குப் போய் அந்தக் கதையைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தாள்.

இப்போது வேலம்மா குழந்தையை எடுத்து மடியில் கிடத்திக்கொண்டாள். குடிசைக்கு வெளியே மாரி தலையைத் தொங்கப்போட்டு நின்றான். ரங்கம்மாள் வெற்றிலை மெல்லுவதை நிறுத்தினாள். சொல்ல வேண்டியதெல்லாம் நாக்கு நுனியில் தயாராக இருந்தது.

குழந்தை வாயைத் திறந்து காம்பைக் கவ்வியது.

சப்புக் கொட்டிக் குடித்தது.

இருக்கட்டும், பொழுது இன்னும் கிடக்கிறதே என்று ரங்கம்மாள் அந்த இடத்தை விட்டு அசையவில்லை. வெயில் ஏறிற்று. குழந்தை தூங்கி எழுந்து மறுபடியும் குடித்தது. அவளால் நம்ப முடியவில்லை. தன் சுண்டுவிரலை அதன் வாய்க்குள் விட்டுப் பார்த்தாள். சனியன், விரலையும் விடாமல் சப்பியது.

"உன் கையாலதான் பொழச்சிது ஆயா" என்று வேலம்மா அவள் காலைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

ரங்கம்மாள் காலை உதறிக்கொண்டு எழுந்தாள்.

படகில் வரும்போது, ஒன்று பிழைத்தால் ஆயிற்றா, காத்துக் கருப்பு வேறு வீடு பார்த்துப் போயிருக்கும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். வெள்ளைக்காரியை வாய்க்கு வந்தபடி திட்டினாள். வேலம்மாவைத் திட்டினாள். திட்டித் தீர்ந்தபின் பயம் வந்தது. இத்தனை வருஷமாக எத்தனை வீட்டில் கொடி அறுத்திருக்கிறாள் என்று எண்ணத் தொடங்கி, பாதியில் நிறுத்திவிட்டாள்.

வீட்டு வாசலில் காந்தா நின்றிருந்தாள். ரங்கம்மாளுக்கு ஒரே மகள். பெற்ற இரண்டையும் எட்டாம் நாள் புதைத்தவள். இரண்டு பிரசவமும் பார்த்தது பெற்ற தாய்தான், கொடி அறுத்ததும் இதே கத்திதான். பிள்ளை தங்காத வயிறு என்று புருஷன் வீட்டார் கொண்டுவந்து விட்டபோது, ஆமாம், என் மகள் வயிறு சரியில்லைதான் என்று ஊர் நடுவில் தலையாட்டியவளும் ரங்கம்மாள்தான்.

காந்தா தண்ணீர்ப் பக்கம் காதைக் கொடுத்துக்கொண்டு நின்றாள்.

"அக்கரையில குலவ போடுறாங்களே. வேலம்மா புள்ள பால் குடிச்சிச்சாம்மா?"

"இல்ல" என்றாள் ரங்கம்மாள்.