தென்கரை உடைப்பு

"பாலுக்குக் காசு வாங்க வந்தீங்களா?" என்று கேட்டார் பஞ்சநதம்.

வைரக்கண்ணுக்குத் திக்கென்றது. நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு கேள்வி கேட்டுவிட வேண்டும் என்று நன்னிலம் பஸ்ஸில் வழி நெடுக மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே வந்தவர் அவர். வருஷக்கணக்காக இந்த இன்ஜினீயரிடம் கேஷியராக இருந்தவரைப் பார்த்து, பால்காரரா என்கிறாரே.

"சார், உங்க ஆபீஸ் கேஷியர் சார் நான்."

"கேஷியரா? பேங்க்குலேருந்தா?" பஞ்சநதம் வெள்ளந்தியாகச் சிரித்தார்.

அவர் மனைவி மங்களாம்பிகை தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "தப்பா நினைக்காதீங்க. ரிட்டயர் ஆனதுலேருந்து இப்படித்தான். என்னையே சில நாளு 'யாரும்மா நீ'ன்னு கேக்கறாரு. டாக்டர் சர்டிபிகேட் வாங்கி ஆபீசுக்கும் அனுப்பிட்டோம்."

அந்த சர்டிபிகேட்தான் வைரக்கண்ணின் வயிற்றெரிச்சலே. இனி இன்ஜினீயரை யாரும் விசாரணைக்குக் கூப்பிட மாட்டார்கள். நாளைக்கு அதிகாரி முன்னால் வைரக்கண்ணு மட்டும் கையைக் கட்டிக்கொண்டு நிற்க வேண்டும்.

"ஞாபகப்படுத்திப் பாருங்க சார். போன ஐப்பசி வெள்ளத்துல வெட்டாத்துத் தென்கரை உடைஞ்சுது. தண்ணி பாஞ்சது எங்க தெரு ஜனங்களுக்குச் சர்க்கார் பிரிச்சுக் குடுத்த நிலத்துல. அது அழிஞ்சு போகட்டும்னு பழைய மிராசுதார் வேடிக்கை பாத்தாரு. அடைக்கச் சொன்னது நீங்க. மழையில நனைஞ்சுக்கிட்டு, 'மண்மூட்டை தூக்கற ஆளுக்கெல்லாம் கூலிய இப்பவே குடுத்துடுய்யா, ஆர்டர் பின்னாடி போட்டுத் தர்றேன், எது வந்தாலும் நான் பாத்துக்கறேன்'னு சொன்னதும் நீங்கதான்."

பஞ்சநதம் ஜன்னலில் உட்கார்ந்திருந்த காக்காயைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்றைக்கு ஆள் பற்றவில்லை. பணப்பையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு வைரக்கண்ணே தண்ணீரில் இறங்கி மூங்கில் முளையைப் பிடித்தார். முளை அடித்த கொட்டாப்புளிச் சுத்தியல் தவறி அவர் வலது கையில் இறங்கியது. பார்த்தால் நல்ல கை மாதிரிதான் இருக்கும், ஆனால் அந்த விரல்கள் இன்றுவரை எதையும் பிடிப்பதில்லை.

கரை நின்றது, பயிரும் பிழைத்தது. கூலி வாங்கியவர்கள் கையெல்லாம் சேறு, கூலிப் பட்டியலில் ரேகை உருட்டினால் விழாது. பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று கொடுத்ததுதான் வினையாகிவிட்டது.

சர்க்கார் பணத்தை எடுத்துத் தன் ஜனத்துக்கு வாரி இறைத்துவிட்டான் என்று மிராசுதார் பெட்டிஷன் தட்டினார். ஆடிட்காரர்கள் வந்து ஆர்டர் எங்கே என்றார்கள். ஆர்டர் போட வேண்டியவரோ மாலை மரியாதையோடு ரிட்டயர் ஆகி ஊருக்குப் போய்விட்டார். மேலே இருப்பவன் வாயால் சொல்லிவிட்டுப் போவானாம், கீழே இருப்பவன் வேலையைப் பறிகொடுத்துவிட்டு நிற்க வேண்டுமாம். என்ன எழவு நியாயம் இது?

"ஒரே ஒரு வார்த்தை சார். 'நான்தான் குடுக்கச் சொன்னேன்'னு வந்து சொல்லுங்க போதும். இல்லேன்னா என் வேலை போயிடும். போனாக்கூடப் பரவால்ல, திருடிட்டான்னு எழுதுவாங்க. எங்க தெருவுல முதமுதல்ல சர்க்கார் உத்தியோகத்துக்குப் போனவன் சார் நான். அந்தத் தெருவே தலைகுனிஞ்சு நிக்கணும்."

"எந்தத் தெரு?" என்றார் பஞ்சநதம். "பால் அங்கேருந்துதான் வருதா?"

வைரக்கண்ணு எழுந்துவிட்டார். சட்டையைப் பிடித்து உலுக்கலாமா என்று வந்தது. அவ்வளவு ஆத்திரம்.

அதற்குள் மங்களாம்பிகை காபி கொண்டுவந்தாள். பஞ்சநதம் தானே ஒரு டம்ளரை எடுத்து நீட்டினார். வலது கையைத் தாண்டிக்கொண்டு போய் இடது கையில் வைத்தார்.

இடது கையில் யாராவது கொடுப்பார்களா? பியூன் இடது கையால் ஃபைலை நீட்டினால் ஆபீஸ் அதிரக் கத்துகிற மனுஷன். எந்தக் கையில் கொடுப்பது என்பதுகூட மறந்துபோச்சே என்று நினைத்தார் வைரக்கண்ணு. வழியெல்லாம் சேர்த்து வைத்த கோபம் இருந்த இடம் தெரியவில்லை.

காபியைக் குடித்து டம்ளரைக் கீழே வைத்தார்.

"விடுங்கம்மா. புத்தியோட இருக்கற ஆளுன்னா சண்டை போடலாம், இவருகிட்ட என்னத்தப் போடறது? நாளைக்கு இவரு பேரையே நான் எடுக்கல. நானாத்தான் குடுத்தேன்னு சொல்லிட்டு வந்துடறேன். கீழே விழுந்து கிழுந்து வைக்காம பாத்துக்குங்க."

மங்களாம்பிகை நிமிர்ந்து பார்க்கவே இல்லை. தலையை மட்டும் ஆட்டினாள்.

அவர் வெளியே வந்ததும் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போடுகிற சத்தம் கேட்டது. வைரக்கண்ணு வாசல்படியில் உட்கார்ந்து செருப்பு வாரை மாட்டத் தொடங்கினார். ஒற்றைக் கைக்கு அது லேசான வேலையில்லை. வார் நழுவிக்கொண்டே இருந்தது.

உள்ளே நாற்காலி நகர்ந்தது. அப்புறம் அந்தப் பழைய ஆபீஸ் குரல் கேட்டது.

"மங்களம், வைரக்கண்ணு போயிட்டானா?"