செவ்வந்தியின் பூவோடு

உடுமலைப்பேட்டையில் மாரியம்மன் நோம்பி, ஊர்த் திருவிழா. மாலை வெயில் இன்னும் இறங்கவில்லை. கையில் வேப்பிலையை விரித்து, அதன்மேல் பூவோடு என்கிற நெருப்புச் சட்டியை ஏந்தி வருகிறாள் செவ்வந்தி. வயது ஐம்பத்திரண்டு. இத்தனை காலமும் நோம்பித் தேதியை விரல்விட்டு எண்ணியவள். மாதவிலக்கைத் தள்ளிப்போட மாத்திரை விழுங்கி, அப்படியும் ஏமாந்து, வீட்டு வாசலில் நின்றே பறையைக் கேட்டவள். அது நின்று இப்போது பதினான்கு மாதமாகிறது. இந்த முறை காலண்டரைப் பார்க்கவே இல்லை. சட்டியில் விறகு சடசடக்கிறது. திடீரென்று நெஞ்சிலிருந்து கழுத்துக்கும் காதுக்கும் அந்தப் பழகிய அனல் ஏறுகிறது. மஞ்சள் சேலை முதுகோடு ஒட்டிக்கொள்கிறது. முகவாயிலிருந்து வியர்வை சொட்டுகிறது. பக்கத்தில் வரும் மகள் ரித்திகா பதறுகிறாள். "அம்மா, சட்டிச் சூடு தாங்காதுங்கம்மா. யார்கிட்டயாவது குடுத்துப்போடுங்க." செவ்வந்தியின் நடை தளரவில்லை. "இது சட்டிச் சூடு இல்ல கண்ணு, எஞ்சூடு. தெனம் பத்து வாட்டி வந்துபோட்டுப் போகுது, அதையே தாங்கறேன். இந்தச் சட்டி எம்மாத்திரம்?" பறை நெருங்குகிறது. இத்தனை வருடம் தான் நின்று கேட்ட அந்த வாசலை, பூவோட்டை இன்னும் கொஞ்சம் உயர்த்திப் பிடித்தபடி, திரும்பிப் பார்க்காமல் கடக்கிறாள்.