கொக்கு செய்த சமாதானம்

மலையுச்சி மணிக்கூண்டில் ஒரு வெள்ளைக் கொக்கு இருந்தது. அதற்குக் கோரைப் பல்லோ கூர் நகமோ கிடையாது. ஆனாலும் காட்டில் எல்லோரும் அதன் சொல்லுக்குக் கட்டுப்பட்டார்கள்.

ஒருமுறை ஓநாயும் கரடியும் ஆற்றங்கரை யாருக்கு என்று சண்டை போட்டன. கரையிலிருந்த முயல் வளைகளை ஓநாய் கிளறி நாசமாக்கியது. மேலிருந்து பார்த்த கொக்குக்கு இருப்புக் கொள்ளவில்லை. கண்டிக்க அலகைத் திறக்கும். 'ஓநாய் கோபித்துக்கொண்டால் பிறகு யார் சமாதானம் பேசுவது?' என்று மூடிக்கொள்ளும். மூன்று நாள் கூண்டுக்குள்ளேயே சுற்றிச் சுற்றி நடந்தது.

நான்காம் நாள் இரண்டும் களைத்துப்போய் மலையேறி வந்தன. கொக்கு கரையை ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக் கொடுத்தது. சண்டை நின்றது.

மறுநாள், குட்டிகளைப் பறிகொடுத்த ஒரு தாய்முயல் வந்தது.

"சாமி, ஓநாய் எங்களைக் குதறியபோது ஏன் ஒரு வார்த்தை பேசவில்லை?"

"பேசியிருந்தால் அது சமாதானத்துக்கு என்னிடம் வந்திருக்குமா, அம்மா?"

"வந்திருக்காது, சாமி. ஆனால் உங்கள் குரல் கேட்டிருந்தால், எங்களுக்கும் ஓர் அடைக்கலம் உண்டென்று நாங்கள் குட்டிகளைக் கவ்விக்கொண்டு இங்கே ஓடி வந்திருப்போம்."