மூன்று சீட்டுகள்

"திரும்பாதே ஜில்டூ. என்னை மட்டும் பாரு" என்றாள் சீட்ஸ்கே.

"அந்த ஹார்மென் பின்னாடி நின்னுக்கிட்டு என்ன பண்றார்னே தெரியல. கடுப்பா இருக்கு."

"நீ பதிலைச் சொல்லு. தப்பை நான் பார்த்துக்கறேன்" என்று முதுகுக்குப் பின்னாலிருந்து குரல் வந்தது.

ஜில்டூ பத்து வருடம் தீவுக்குப் போகும் படகில் டிக்கெட் கிழித்தவள். முப்பத்தெட்டு வயதில் பிசியோதெரபி படிக்க வந்து, உடற்கூறு வாய்மொழித் தேர்வில் இரண்டு தடவை தோற்றிருந்தாள். மூன்றாவது தடவையும் சொதப்பினால் படிப்பு அவ்வளவுதான். அது அவளுக்கும் தெரியும்.

"மூளையோட முன்மடல் எங்க முடியுது?" சீட்ஸ்கே ஆரம்பித்தாள்.

"நடுப்பள்ளத்துல. அதுக்குப் பின்னாடி உச்சிமடல்."

"பள்ளத்துக்கு முன்னாடி, அதை ஒட்டினாப்ல ஒரு பட்டை இருக்கே?"

"கைகாலை அசைக்கிற பட்டை." சொல்லும்போதே வலது கை விரல்கள் வெடுக்கென்று துள்ளின.

"பயமா?"

"எனக்கா? இந்த ரூம் ஐஸ்பெட்டி மாதிரி இருக்கு."

ஹார்மென் ஒரு சீட்டு வைத்தார்.

"சரியாத்தானே சொன்னேன்? விரல் ஆடினாலும் சீட்டா? அநியாயம்!"

"எங்க ஊர் வழக்கம்" என்றார் ஹார்மென். வடக்கு நெதர்லாந்தின் குரோனிங்கன்காரர், அதற்கு மேல் பேச மாட்டார்.

"சரி, முன்மடலையும் பொட்டுமடலையும் பிரிக்கிறது எது?"

"பக்கப் பிளவு."

"அதை விரிச்சா உள்ள ஒண்ணு ஒளிஞ்சிருக்கும். அது பேரு?"

"அது வந்து... சுத்தித் தண்ணி இருக்குமே... அது..."

"அடிப்பாவி, பத்து வருஷம் தினமும் அங்கதானே போய்ட்டு வந்த!"

ஜில்டூவின் முகம் சிவந்தது. சில நொடிகள் கழித்து, "தீவு!" என்று கத்தினாள். "ஹார்மென், நீங்க வேணும்னே பண்றீங்க!"

"ஆமா. அதுக்குத்தான் சம்பளம்."

இரண்டாவது சீட்டு.

"கடைசி. பேச்சை உண்டாக்குற பகுதி எது?"

"இடது முன்மடல், கீழ்..."

நின்றுவிட்டது. வாய் திறந்திருந்தது, குரல் இல்லை. சீட்ஸ்கே கையை உயர்த்திக் காட்டினாள். மூன்றாவது சீட்டு.

"...கீழ் மடிப்புல! தெரியும்யா எனக்கு!"

"தெரியும்னு எனக்கும் தெரியும்" என்றார் ஹார்மென். "மூணே மூணு. நான் எதிர்பார்த்ததைவிட நல்லா இருக்கு."

"அப்ப தேறிடுவேனா?"

"தேறிடுவ. பேச்சை மட்டும் நிறுத்தாதே."

"நிறுத்தறதா? என் புருஷன்கிட்ட கேட்டுப் பாருங்க." ஜில்டூ சிரித்தாள். "முடிஞ்சதும் உப்பு மிட்டாய் வாங்கித் தரணும் சீட்ஸ்கே. ம், அடுத்த கேள்வி?"

நாற்காலி, வாத்து என்று படம் காட்டிப் பெயர் கேட்பதுதான் அங்கே வழக்கம். அது வேண்டாம், அடுத்த மாதப் பரீட்சைக் கேள்விகளையே கேளுங்கள் என்று பிடிவாதம் பிடித்தவள் அவள்தான். ஹார்மென் கையுறையைச் சரிசெய்துகொண்டு, திறந்திருந்த அவள் மண்டைக்குள் குனிந்தார். மின்முனையால் தொட்டதும் விரல் துள்ளிய, பேச்சு தடைப்பட்ட இடங்களில் மூளையின் மேல் ஒட்டியிருந்த மூன்று வெள்ளைச் சீட்டுகளின் பக்கம் போகாமல், கட்டியை வெட்டத் தொடங்கினார்.