தொகாஷி பார்த்த வானம்

அந்த மேகமும் கேமராமேன் தொகாஷிக்குப் பிடிக்கவில்லை போலிருந்தது. கேமராவுக்குப் பக்கத்தில் மடக்கு நாற்காலியில், முகத்தை வானத்துக்குக் கொடுத்தபடி அசையாமல் உட்கார்ந்திருந்தார். மேகம் அதுபாட்டுக்கு கியோட்டோ மலைகளைத் தாண்டிப் போய்விட்டது.

இயக்குநர் ஹோசகா கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டான். போருக்குப் பின் ஜப்பானை ஆண்ட அமெரிக்கர்கள் கிளம்பிப் போய், அவர்கள் தடுத்து வைத்திருந்த வாள்சண்டைப் படங்கள் மறுபடி சூடுபிடித்திருந்த சமயம். அவனுக்கு இது முதல் படம். பொழுது சாய்வதற்குள் போர்க்களக் காட்சியை எடுக்காவிட்டால் படம் வேறு ஆளுக்குப் போய்விடும் என்று ஸ்டுடியோவில் சொல்லிவிட்டார்கள்.

"டைரக்டரே, நீங்களே போய்க் கேளுங்களேன்," என்றாள் காட்சிக் குறிப்பு எழுதும் மிசாவோ. "கவசத்துக்குள்ள ஆளுங்க வெந்துகிட்டிருக்காங்க. குதிரை நின்னபடியே தூங்கிடுச்சு."

"அவர்கிட்டயா? போன படத்துல ஒரே ஒரு மேகத்துக்காக மொத்த யூனிட்டையும் நாள் முழுக்கக் காக்க வெச்சவர். அந்தக் காட்சிக்குத்தான் வெளிநாட்டுல பரிசே குடுத்தாங்க. அவர் வானத்தைப் பாக்கறப்போ குறுக்க பேசினா, நாளைக்கு எந்த கேமராமேன் என்னை மதிப்பான்?"

சாப்பாட்டு நேரம் வந்தது. தொகாஷியின் உதவியாளன் சோற்று உருண்டையை அவர் வாயில் ஊட்டினான். தேநீரைக் கெண்டியால் சொட்டுச் சொட்டாக ஊற்றினான். அப்போதும் அவர் தலை கீழே இறங்கவில்லை.

"பாத்தியா!" என்றான் ஹோசகா மிசாவோவிடம். இந்த வெறி தனக்கு ஏன் இல்லை என்று நினைத்தபோது கூச்சமாக இருந்தது. அவனும் வானத்தைப் பார்த்தான். அவனைப் பார்த்து ஈட்டி வீரர்களும் வானத்தைப் பார்த்தார்கள். கொஞ்ச நேரத்தில் எதிரெதிர்ப் படைகள் இரண்டும் ஒற்றுமையாக அண்ணாந்து நின்றன.

மீன்செதில் போல ஒரு மேகம் வந்தது. தொகாஷி "ம்ஹ்ம்..." என்று முனகினார்.

"இதுவும் வேண்டாமாம்," என்றார்கள் எல்லாரும்.

"எதிரி கொல்றதுக்குள்ள வெயில் கொன்னுடும்யா," என்றார் படைத்தலைவர், ஒட்டுமீசையைப் பிய்த்து விசிறிக்கொண்டே.

சூரியன் மலைமுகட்டைத் தொட்டது. தொகாஷி மீதிருந்த பயத்தைவிட, படம் கைவிட்டுப் போகிற பயம் பெரிதாகிவிட்டதை ஹோசகா உணர்ந்தான். ஓடிப்போய் அவர் முன்னால் இடுப்பு ஒடியக் குனிந்தான்.

"ஐயா, மன்னிச்சுக்கணும்... இன்னும் எந்த மேகத்துக்காக நாம காத்திருக்கோம்?"

தொகாஷியின் கண்கள் மட்டும் கீழே உருண்டு அவனைப் பார்த்தன. மற்றவர் காதில் விழாத குரலில் சீறினார்.

"மேகமாவது மண்ணாவது! காலையில தும்முனப்போ கழுத்து பிடிச்சுக்கிச்சுடா!"